117-ஆம் பக்கத்தில் இறந்தவள்

“என்னைக் கொன்னுட்டாங்க,” என்றாள் அந்த அம்மாள். “யாருன்னு கண்டுபிடிச்சுக் குடு.”

ஆண்டர்சன்பேட்டைக் கடைத்தெருவில், பாத்திரக்கடைக்கு மேலே இருந்த அந்த ஒற்றையறை அலுவலகத்துக்கு, காணாமற்போன கணவனைத் தேடிப் பெண்கள் வருவார்கள். காணாமற்போக விரும்பும் கணவன்களும் எப்போதாவது வருவதுண்டு. கொலையுண்டவரே படியேறி வந்து, மூச்சு வாங்கி, தண்ணீர் கேட்டுக் குடித்துவிட்டுப் புகார் கொடுப்பது, இந்துவின் ஒன்பதாண்டுத் தொழிலில் இதுவே முதல் முறை.

“உக்காருங்கம்மா,” என்று நாற்காலியை இழுத்துப் போட்டான் டென்னிஸ். “செத்தப்புறமும் நின்னுக்கினே இருந்தா கால் வலிக்கும்.”

டென்னிஸ் அவளுடைய உதவியாளன். மூன்று தலைமுறை சுரங்கத்தில் இறங்கிய குடும்பத்தில் பிறந்து, இறங்கச் சுரங்கம் இல்லாமற்போன காலத்தில் வளர்ந்தவன். ஒரு பழைய மோட்டார் சைக்கிளும், எதையும் நையாண்டி செய்யாமல் விடாத நாக்கும்தான் அவனுடைய ஆஸ்தி. இந்துவோ பெங்களூரில் ஒரு காப்பீட்டு நிறுவனத்துக்காக, இறந்தவர்களாகச் சொல்லப்பட்டவர்கள் உண்மையிலேயே இறந்தார்களா என்று சரிபார்க்கும் வேலையில் இருந்துவிட்டு ஊர் திரும்பியவள். அந்த வேலை அவளுக்கு இரண்டு பழக்கங்களைக் கற்றுக்கொடுத்திருந்தது. யார் சொல்வதையும் எளிதில் நம்பாமலிருப்பது ஒன்று. தானே கண்டுபிடித்ததை உடனே நம்பிவிடுவது இன்னொன்று. முதலாவதைப் பற்றி அவளுக்குப் பெருமை உண்டு; இரண்டாவதை அவள் கவனித்ததேயில்லை.

வந்தவளின் பெயர் சாரதா. வயது அறுபத்தாறு. துணிப்பையிலிருந்து தடித்த புத்தகமொன்றை எடுத்து மேசைமேல் வைத்தாள். ‘தங்கவயல் மேடைக் கையேடு’. இந்த ஊரின் நாடக சபைகளையும் நடிகர்களையும் மேடைச் சொற்களையும் அகரவரிசையில் தொகுத்த முதல் நோக்கீட்டு நூல் என்று அட்டை சொன்னது. அடையாளத்துக்கு ஒரு பேருந்துச் சீட்டு வைக்கப்பட்டிருந்த 117-ஆம் பக்கத்தை இந்து பிரித்தாள்.

‘சாரதா (?–1984): ஊரிகம் நவரச சபாவின் நாயகி. குரல்வளமும் நடையழகும் ஒருங்கே வாய்ந்தவர். 17-3-1984 அன்று சுரங்க விபத்தில் காலமானார்.’

கீழே, மார்பில் இடக்கையை வைத்தபடி, தலைநிறையப் பூவுடன் நிற்கும் ஒரு நாயகியின் மங்கலான படம்.

“ரேசன் கடைக்காரன் கேக்கறான், ‘புக்குல செத்துட்டீங்களே, அரிசி யாருக்கு’ன்னு. வரிசையே சிரிச்சிது. நானும் சிரிச்சேன். நல்லாச் சிரிப்பேன் நான்.” சொல்லும்போது அவள் முகத்தில் ஒரு கோடும் அசையவில்லை. “புக்கு போட்ட மனோகர்கிட்ட போயி, ‘தம்பி, உசுரோடதான் கீறேன்’னு சொன்னா, ‘அச்சுல ஆதாரம் இருந்தா கொண்டாங்க’ன்றாரு.”

“நியாயந்தான்,” என்றான் டென்னிஸ். “எங்க தெருவுல பாதிப் பேர்கிட்ட அந்த ஆதாரம் கெடையாது.”

“ரெண்டாம் பதிப்பு இன்னைக்குச் சாயங்காலம் அஞ்சு மணிக்கு அச்சுக்குப் போவுது. எனுக்குப் புள்ளைகுட்டி இல்ல. இந்த ஊர்ல எனுக்குன்னு கீறது அந்த மூணு வரிதான். அதுல நான் உசுரோட இருக்கணும்.”

“இருப்பீங்க,” என்றாள் இந்து.

சாரதா எழுந்தாள். வாசற்படியருகே போய்த் திரும்பி நின்றாள்.

“கொன்னது யாருன்னு மட்டும் தெரிஞ்சாப் போதாதும்மா. செய்யும்போது அவனுக்குத் தெரியுமா, தெரியாதா? அத்தக் கேட்டுச் சொல்லு.”

தெரிந்தே செய்த வஞ்சமா, தெரியாமல் நேர்ந்த பிழையா என்று கேட்கிறாள் என எடுத்துக்கொண்டு, இந்து தலையசைத்தாள்.

படிகளில் காலடியோசை தேய்ந்ததும் டென்னிஸ் கைகளைத் தட்டிக்கொண்டான். “இந்த மாதிரி ஈசியான கேசே வந்ததில்ல மேடம். பாடியே நடந்து வந்து ஸ்டேட்மெண்ட் குடுத்துட்டுப் போயிடுச்சு.”

“டென்னிஸ், சுரங்கத்துக்குள்ள பொம்பளைங்க வேலை செஞ்சிருக்காங்களா?”

“மேல மில்லுல செஞ்சாங்க. கீழயா? ஆளுங்களை எறக்கற கேஜு கீதே, அதுல ஒரு பொம்பளை கால் வெக்க முடியாது. சட்டமே அப்பிடி.”

“அப்போ சுரங்க விபத்துல ஒரு நாயகி எப்படிச் செத்தா?”

டென்னிஸ் புத்தகத்தின் மேல் குனிந்தான்.

“இந்தப் படத்துல கையைப் பாரு,” என்றாள் இந்து. நாயகியின் இடக்கைச் சுண்டுவிரல் ஒரு கணு குறைந்திருந்தது. “இப்போ வந்தவங்க ரெண்டு கையாலயும் டம்ளரைப் பிடிச்சுத் தண்ணி குடிச்சாங்க. பத்து விரலும் முழுசு.”

“தண்ணி குடுத்தது நானு. விரலை எண்ணினது நீங்க. அதான் நான் அசிஸ்டெண்டு.”

இந்து புன்னகைத்தாள். தன்னை யாரோ ஏமாற்ற வந்திருக்கிறார்கள் என்று தெரியும்போது மட்டும் அவளுக்கு உண்டாகும் சுறுசுறுப்பு அந்தப் புன்னகையில் இருந்தது.

*

ஊரிகம் ரயில் நிலையத்துக்குப் பின்னால் மனோகரின் வீடு. முப்பத்தைந்து வயதுக் கல்லூரி ஆசிரியர். நாடகத்தைப் பார்ப்பதைவிட நாடகத்தைப் பற்றிப் படிப்பதில் வாழ்நாளைக் கழிப்பவர். முன்னறை முழுக்க, ஒரு காலத்தில் வெடிமருந்து வந்திறங்கிய மரப்பெட்டிகள். அவற்றுக்குள் ஆயிரக்கணக்கான குறிப்பட்டைகள்.

“கார்டுதானே சார் உள்ள?” என்றான் டென்னிஸ், உட்காருமுன். “குண்டிக்குக் கீழ வெடிக்காதே?”

“ஒவ்வொரு பதிவுக்கும் ஒரு அட்டை, ஒவ்வொரு அட்டைக்கும் ஒரு ஆதாரம்,” என்றார் மனோகர். சிரிக்க நேரமில்லாதவராகத் தெரிந்தார். “அந்த அம்மா மூணு தடவை வந்தாங்க. எனக்கும் பாவமாத்தான் இருக்குது. ஆனா பாவத்தை அடிக்குறிப்பாப் போட முடியாதுங்க மேடம்.”

சாரதாவின் அட்டையை எடுத்துக்கொடுத்தார். தகவல் தந்தவர் மரியகுழந்தை, நவரச சபாவின் பிராம்ப்டர் என்று எழுதியிருந்தது. திரைக்குப் பக்கவாட்டில் நின்று, மறந்துபோன வசனத்தை நடிகர்களுக்கு எடுத்துக்கொடுப்பவர்.

இந்து அட்டையைப் படித்தாள். பிறகு புத்தகத்தைப் படித்தாள். மறுபடி அட்டையை.

“மனோகர் சார், அட்டையில பேர் எப்படி எழுதியிருக்கு?”

“சாரதான்னு.”

“இல்ல. நல்லாப் பாருங்க.”

அவர் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு பார்த்தார். அட்டையில் அந்தப் பெயர் ஒற்றை மேற்கோள் குறிகளுக்குள் இருந்தது: ‘சாரதா’. புத்தகத்தில் அந்தக் குறிகள் இல்லை. மனோகரின் முகம் வெளுத்தது.

“எழுத்துரு மாத்தும்போது ஒத்த மேற்கோள் எல்லாம் உதிர்ந்துபோச்சு. எல்லாத்தையும் திருப்பிப் போட்டுட்டேன்னுதான் நெனச்சேன்…”

“ஒண்ணை விட்டுட்டீங்க. ‘சாரதா’ ஆளோட பேர் இல்ல. வேஷத்தோட பேர்.”

மனோகர் பெட்டிகளுக்குள் தலையை விட்டு, பழுப்பேறிய நோட்டுப் புத்தகமொன்றை வெளியே எடுத்தார். சபாவின் கடைசி நாடகத்துக்கான வசன நோட்டு. மரியகுழந்தை கையில் பிடித்து எடுத்துக்கொடுத்த அதே பிரதி. முதற்பக்கத்தில் பாத்திரப் பட்டியல். ‘நாயகி: “சாரதா” (ஏகநாதன், டிம்பர்மேன்).’ தொழிற்சங்க நினைவு மலரின் விபத்துப் பட்டியலிலும் அதே பெயர் அகப்பட்டது. ‘ஏகநாதன், டிம்பர்மேன். 17-3-84. இரண்டாம் ஷிப்ட், மாலை 7.20. பாறை வெடிப்பு.’

“பாறை சரியாம மரம் முட்டுக் குடுக்கறவன் டிம்பர்மேன்,” என்றான் டென்னிஸ். “பகல்ல முட்டு, சாயங்காலம் பொட்டு.”

இரண்டு மேற்கோள் குறிகள் உதிர்ந்ததில் ஓர் ஆண் பெண்ணாகியிருந்தான். இறந்துபோன அவன், உயிரோடிருக்கும் ஒருத்தியின் பெயரையும் தன்னோடு இழுத்துக்கொண்டு போயிருந்தான். மனோகரோ அதிர்ச்சியிலிருந்து மகிழ்ச்சிக்கு வெகு வேகமாகத் தாவினார்.

“பெண் வேடமிட்ட சுரங்கத் தொழிலாளி! மேடம், இது ஆய்வுக்கட்டுரைக்கே போதும். பதிவையே மாத்தி எழுதிடலாம். ஆமா, அப்போ அந்த அம்மா யாரு?”

“அதைக் கேட்டுட்டு போன் பண்றேன். அதுவரைக்கும் கை வைக்காதீங்க,” என்ற இந்து, வசன நோட்டை இரவல் வாங்கி டென்னிஸிடம் கொடுத்தாள்.

*

சுரங்கத் தொழிலாளர் வரிசைக் குடியிருப்பில், தன் லைன் வீட்டின் வாசலில் உட்கார்ந்து, யாரோ ஒருத்தியின் பட்டுப்புடவைக்கு ஃபால்ஸ் தைத்துக்கொண்டிருந்தாள் சாரதா. மணி இரண்டு. தெருக்கோடியில், சுரங்கம் கக்கிப்போட்ட சாம்பல்நிற மண்மலை வெயிலில் கண்ணைக் கூசவைத்தது.

“ஏகநாதன் யாரும்மா?” என்றாள் இந்து. உட்காரவுமில்லை.

ஊசி நிற்கவில்லை. “என் ஊட்டுக்காரரு.”

“மேடையில ‘சாரதா’ அவர்தான். நீங்க இல்ல. செத்ததும் அவர்தான். புத்தகம் உங்களைக் கொல்லவே இல்லம்மா. நீங்க அந்தப் புத்தகத்துலயே கெடையாது.”

டென்னிஸ் செருப்பைப் பார்த்துக்கொண்டான். பக்கத்து வீட்டுக் கதவிடுக்கில் இரண்டு முகங்கள் தெரிந்தன. இந்து குரலைத் தணிக்கவில்லை.

“என் பேரைக் கேக்காமலே எடுத்துக்கினாரு,” என்றாள் சாரதா. “என் பொடவை, என் வளையலு. கல்யாணமான புதுசுல நான் நடக்கறதையே பாத்துக்கினு இருப்பாரு. ஆசையிலதான் பாக்கறாருன்னு நெனச்சேன். கத்துக்கினு இருந்தாரு.”

சாரதா புடவையின் ஓரத்தை இழுத்துவிட்டுத் தையலைத் தொடர்ந்தாள்.

“அவருக்கு எழுத்து கூட்டிப் படிக்க வராது. வசனம் மொத்தமும் நான்தான் படிச்சுக் காட்டுவேன். சோறு வடிக்கும்போது, துணி அலசும்போது. அவரு தூங்கினப்புறம் நானே சொல்லிப் பாத்துக்குவேன்.”

“படிச்சுக் காட்டினவங்களை நடிகைன்னு சொல்ல முடியாதும்மா.”

அந்த வாக்கியம் தனக்கே நன்றாக அமைந்துவிட்டதாக இந்துவுக்குத் தோன்றியது. அதை நிரூபிப்பதுபோல் அங்கேயே, சாரதாவின் கண்ணெதிரிலேயே, மனோகருக்குத் தொலைபேசினாள். “உறுதியாயிடுச்சு சார். ‘சாரதா’ ஆண் நடிகர். இவங்க அவரோட மனைவி, மேடை ஏறினதே இல்ல. அப்படியே போட்டுடுங்க.”

ஊசி இப்போது நின்றது.

“கடைசி நாடகம் எந்தத் தேதின்னு பாத்தியாம்மா?”

“தேதியால ஒண்ணும் மாறாது.”

“காலையில கேட்டேனே, அவனுக்குத் தெரியுமான்னு?”

“அச்சுப் பிழைம்மா அது. யாருக்கும் தெரியாம நடந்தது. யார் மேலயும் தப்பில்ல.”

“அத்த இல்ல நான் கேட்டது,” என்றாள் சாரதா. புடவையின் ஓரத்தை மடித்துப் பிடித்து மறுபடி தைக்கத் தொடங்கினாள். பதில் தெரியாதவளோடு பேச அவளுக்கு மேற்கொண்டு ஒன்றும் இருக்கவில்லை.

*

டீக்கடை பெஞ்சில் டென்னிஸ் பத்து நிமிடங்களாகப் பேசவில்லை. அவனுக்குக் காய்ச்சலோ என்று இந்து பார்த்தாள். மடியில் அந்த வசன நோட்டைப் பிரித்து வைத்திருந்தான்.

“இன்னா டென்னிஸ், வாயை அடகு வெச்சிட்டியா?”

“மேடம், இந்தப் பிராம்ப்டர் கிழவரு கணக்குப்புள்ள மாதிரி ஆளு. யார் எங்க வசனம் மறந்தாங்களோ அந்த எடத்துல ஒரு பென்சில் கோடு, பக்கத்துல நாடகம் நடந்த தேதி. இந்த ஏகநாதன் கீறாரே, மறக்காத வரியே இல்ல. ஜனவரி பன்னெண்டு, பக்கம் முழுக்கக் கோடு. பிப்ரவரி நாலு, கோடு. பிப்ரவரி இருபத்தஞ்சு, இன்னும் ஜாஸ்தி. நாயகியா நடிச்சாரா, எடுத்துக்குடுக்கறவருக்கு வேலை குடுக்க வந்தாரான்னு தெரியல.”

“சரி.”

“மார்ச் பதினேழுக்குக் கோடே இல்ல.”

இந்து டம்ளரைக் கீழே வைத்தாள்.

“முதல் காட்சி ஆரம்பம் ஆறு மணின்னு மேல எழுதி வெச்சிருக்காரு. பாருங்க, 17-3-84. பாறை வெடிச்சதும் அதே 17-3-84, சாயங்காலம் ஏழு இருவது.” டென்னிஸின் குரலில் கேலி இருந்தது, கண்ணில் இல்லை. “ரெண்டாம் ஷிப்ட்டுன்னா மத்தியானம் ரெண்டு மணிக்குக் கேஜு ஏறினா ராத்திரி பத்துக்குத்தான் மேல வருவான். ஒரே ஆளு, ஒரே நேரத்துல, கீழ சுரங்கத்துலயும் டூட்டி, மேடையிலயும் டூட்டி. எங்கப்பாவே இவ்ளோ பெரிய டபுள் டூட்டி பாத்ததில்ல மேடம்.”

கடைசி நாடகம் எந்தத் தேதின்னு பாத்தியாம்மா?

சோறு வடிக்கும்போதும் துணி அலசும்போதும் ஒரு நாடகத்தை முழுவதுமாக மனத்தில் ஏற்றிக்கொண்டவள் இந்த ஊரில் ஒருத்திதான். அவளுக்கு யாரும் எதையும் எடுத்துக்கொடுக்க வேண்டியிருக்கவில்லை. இந்து மனோகரின் எண்ணை அழுத்தினாள். மணி மூன்றே முக்கால். அழைப்பு எடுக்கப்படவில்லை.

“ஒரே ஒரு கோடு கீது,” என்றான் டென்னிஸ், கடைசித் தாளைப் புரட்டி. “வசனத்துக்கு இல்ல. அடைப்புக்குறிக்கு.”

இந்து குனிந்து பார்த்தாள். போருக்குப் போன கணவன் உயிரோடு திரும்பிவிட்டான் என்று நாயகிக்குச் சேதி வரும் இடம். ‘(சிரிக்கிறாள்)’ என்ற மேடைக் குறிப்பின் கீழ், தாள் கிழியும் அளவுக்கு அழுத்தமாக ஒரு கோடு. ஓரத்தில் 17-3.

*

தேவாலயத்தை அடுத்த சந்தில் மரியகுழந்தையின் வீடு. எண்பத்தொரு வயது. குறிப்பட்டையைப் போலவே நேராக, விறைப்பாக இருந்தார். அவர் முதுகுக்குப் பின்னால், கண்ணாடி அலமாரியில், உயரமான வெள்ளிக் கோப்பையொன்று பளபளத்தது.

“நல்லாத் தேச்சு வெச்சிருக்கீங்க அங்கிள்,” என்றான் டென்னிஸ். “யாருது?”

“சபாவுது. எண்பத்திநாலு, போட்டி நாடகம். ஜட்ஜுங்க பெங்களூர்லேர்ந்து வந்தாங்க. சிறந்த நடிகருக்கு.”

“அன்னைக்கு மேடையில இருந்தது யாருங்க ஐயா?” என்று கேட்டு, இந்து நோட்டின் கடைசிப் பக்கத்தை அவர் முன் விரித்து வைத்தாள்.

கிழவர் கோட்டைப் பார்த்தார். தம் கையெழுத்தை அடையாளம் காண்பதற்கு வேண்டியதைவிட அதிக நேரம் பார்த்தார்.

“அவனுக்கு லீவு கெடைக்கல. நாடகத்தை விட்டா பேரு போயிடும். அவளை உக்கார வெச்சு, அவனுக்குப் போடற மேக்கப்பையே போட்டேன். ஆம்பளை போட்ட பொம்பளை வேஷத்தைப் பொம்பளை போட்டா. ஒருத்தனுக்கும் தெரியல. லைன்ல இருக்கறவன் பொண்டாட்டி மேடை ஏறினாள்னு தெரிஞ்சா சும்மா விடுவாங்களா? போட்டியில பேர் குடுத்தது ஏகநாதனுக்கு. கப்பும் கேன்சல் ஆயிருக்கும்.” நிறுத்தி, கோப்பையை ஒரு பார்வை பார்த்தார். “அந்த மாதிரி ஒரு நடிப்பை நான் அதுக்கு முன்னயும் பாக்கல, பின்னயும் பாக்கல.”

“இந்தக் கோடு?”

“ஏழரைக்குச் சங்கு ஊதிச்சு. ஷிப்ட்டு மாத்தற நேரம் இல்ல. நேரம் தப்பி ஊதினா இன்னான்னு இந்த ஊர்ல கொழந்தைக்கும் தெரியும். பின்னாடி வரிசையெல்லாம் எழுந்து ஓடிச்சு. ஜட்ஜுங்க மட்டும் உக்காந்திருந்தாங்க. அவங்களுக்கு இன்னா தெரியும்? அவ வசனத்தை விடல. அங்கேர்ந்து ஓடினா, கீழ இருக்கறது யாரு, மேல இருக்கறது யாருன்னு எல்லாருக்கும் தெரிஞ்சிடுமே. கடைசிக் காட்சி வரைக்கும் கொண்டாந்துட்டா. அந்தச் சிரிப்புலதான் நின்னுட்டா.”

“நீங்க எடுத்துக்குடுத்தீங்க.”

“‘சிரி’ன்னேன். மெதுவாத்தான் சொன்னேன். சிரிச்சா. ஜட்ஜுங்க எழுந்து நின்னு கைதட்டினாங்க.”

காலையில் வாசற்படியருகே திரும்பி நின்ற உருவமும், அது கேட்ட கேள்வியும், இப்போதுதான் ஒன்றோடொன்று பொருந்தின.

“‘சிரி’ன்னு சொன்னப்ப உங்களுக்குத் தெரியுமா ஐயா?”

மரியகுழந்தை பதில் சொல்லத் தயங்கவில்லை. அதுதான் கொடுமையாக இருந்தது.

“சுரங்கத்து டைம் ஆபீஸ் ஆளு மேடை சைடுக்கு வந்து, செத்தவங்க பேர் எழுதின சீட்டைக் காட்டினான். நாலு பேரு. மூணாவது ஏகநாதன். சீட்டை மடிச்சு இந்த நோட்டுக்குள்ளதான் வெச்சேன். இன்னா பண்ணச் சொல்ற? திரையைப் போட்டா செத்தவன் எழுந்து வந்துடுவானா? ஒரு பக்கம்தான் பாக்கி இருந்துச்சு.”

“கப்பை அவங்களுக்குக் குடுக்கலாமே அங்கிள்?” என்றான் டென்னிஸ்.

“எந்தப் பேர்ல குடுக்கறது?”

“இதை எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுங்க,” என்றாள் இந்து. “அச்சுக்குப் போறதுக்குள்ள அவங்க பேர் சேரணும்.”

“அந்தப் புக்குல எனுக்கு அரைப் பக்கம் கீது,” என்றார் மரியகுழந்தை. “‘ஒரு வசனத்தையும் விழவிடாதவர்’னு போட்டிருக்காங்க. அதுக்குப் பக்கத்துல இத்தையும் போடணுமா? வாயில வந்ததைச் சொன்னேன். எழுத்துல கேக்காதே. நான் எதுவும் சொல்லலேன்னு சொல்லிடுவேன்.” எழுந்து நின்று கதவைத் திறந்து பிடித்தார். பழகிய பணிவோடு, ஒரு நடிகரை மேடைக்கு அனுப்புபவரைப் போல.

*

நான்கு நாற்பதுக்கு மனோகர் அழைப்பை எடுத்தார். இந்து மூச்சு விடாமல் சொல்லி முடித்தாள்.

“ஐயோ மேடம், கோப்பு மூணரைக்கே போயிடுச்சே. உங்க வேலைதான் பாக்கி இருந்தது. நீங்களே ‘உறுதியாயிடுச்சு’ன்னு சொன்னப்புறம் அஞ்சு மணி வரைக்கும் எதுக்குக் காத்திருக்கணும்? தகடு போட்டு ஓட்ட ஆரம்பிச்சிட்டாங்க.”

“பிழைதிருத்தம்னு ஒரு சீட்டு ஒட்ட முடியாதா?”

“ஒட்டலாமே. மரியகுழந்தை ஐயா கையெழுத்து வாங்கிட்டு வாங்க, இன்னைக்கே ஒட்டறேன்.” மறுமுனையில் தாள் புரளும் ஓசை. “பதிவு ரொம்பத் தெளிவா வந்திருக்குது மேடம். கேளுங்க. ‘சாரதா: ஏகநாதன் என்னும் சுரங்கத் தொழிலாளி பூண்ட பெண்வேடப் பெயர். இப்பெயரில் நடிகை எவரும் இருந்ததில்லை.’ கடைசி வரி நானாச் சேர்த்தது. இனிமே யாரும் வந்து குழப்பக்கூடாது பாருங்க.”

இந்து அலைபேசியை உறையில் போட்டாள். முதற்பதிப்பு சாரதாவைக் கொன்றது. இரண்டாம் பதிப்பு அவளைப் பிறக்கவே விடவில்லை. முதலாவது இரண்டு குறிகள் உதிர்ந்ததால் நேர்ந்தது. இரண்டாவதற்கு அப்படியொரு சாக்கு இல்லை.

“போவ வேணாம் மேடம்,” என்றான் டென்னிஸ், வண்டியைக் கிளப்பாமல். “நாளைக்குப் பாத்துக்கலாம்.”

“வாக்குக் குடுத்திருக்கேன்.”

லைன் வீட்டு வாசலில் அதே பட்டுப்புடவை, இப்போது தைத்து மடித்து, தாளில் சுற்றி வைக்கப்பட்டிருந்தது. சாரதா விளக்கேற்றிவிட்டு வந்து நிலைப்படியில் உட்கார்ந்தாள். இந்து இம்முறை அவளுக்கு எதிரே, சிமெண்ட்டுத் தரையில், உட்கார்ந்தாள். டென்னிஸ் நோட்டை மார்போடு அணைத்துக்கொண்டு சுவரில் சாய்ந்து நின்றான்.

“புத்தகம் போயிடுச்சும்மா. என்னாலதான். நீங்க நடிச்சது இப்போ எங்களுக்குத் தெரியும். ஆனா அதுல உங்க பேர் இருக்காது.”

“உன் மூஞ்சியைப் பாத்ததுமே தெரிஞ்சிடுச்சு.” சாரதா அதை எதிர்பார்த்தவள்போல் ஒதுக்கினாள். “மரியகுழந்தையப் பாத்தியா?”

“பாத்தோம்.”

“நாப்பது வருசமா அந்த ஆளு என்னை எங்கயாவது பாத்தா எதிர்ச்சாரிக்குப் போயிடுவாரு. நானும் கேட்டதில்ல. நாடகம் முடிஞ்சப்புறந்தான் சேதி வந்துச்சுன்னு மத்தவங்க சொன்னாங்க. அப்பிடித்தான் இருக்கும்னு வெச்சுக்கினேன். அப்பிடி இருந்தா நான் ஒரு நாடகத்துலதான் சிரிச்சேன்.” அவள் இந்துவின் கண்களைப் பார்த்தாள். “‘சிரி’ன்னாரே. அப்ப அவருக்குத் தெரியுமா, தெரியாதா?”

“தெரியாதும்மா,” என்றான் டென்னிஸ்.

அவ்வளவு விரைவாக, அவ்வளவு அழகாக, தன் வாழ்நாளில் அவன் ஒரு பொய்யும் சொன்னதில்லை. சாரதாவின் தோள்கள் இறங்கின. அவள் கைகள் மடியில் விரிந்தன. இன்னும் ஒரு நொடி இந்து வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும்.

ஆனால் காலையிலிருந்து அவள் இந்தப் பெண்ணிடம் சொன்னதெல்லாம் பொய். ஒரு பொய் அச்சேறிக்கொண்டிருந்தது. ஒன்றையாவது சரியாகக் கண்டுபிடித்தோம் என்று இருக்க வேண்டும். அந்தத் தேவை சாரதாவுடையது அல்ல, தன்னுடையது என்பது அவளுக்குப் பேசி முடித்த பிறகுதான் புரிந்தது.

“தெரியும்,” என்றாள் இந்து. “சீட்டு அவர் கையில இருந்துச்சு.”

டென்னிஸ் கண்களை மூடிக்கொண்டான்.

பக்கத்து வீட்டில் யாரோ குழாயைத் திறந்தார்கள், மூடினார்கள். பிறகு சாரதா நிமிர்ந்து, இடக்கையை மார்பில் வைத்து, தலையைச் சற்றே பின்னுக்குச் சாய்த்தாள். ஒளிப்படத்தில் இருந்த அதே நிலை. விரல்கள் மட்டும் முழுசு.

சிரித்தாள். குரலுடைந்த கிழவியின் சிரிப்பல்ல அது. இருபத்தாறு வயதுக்காரியின், கணவன் திரும்பிவிட்டான் என்று கேட்டவளின், மணிமணியான சிரிப்பு. லைன் முழுக்கக் கதவுகள் திறந்தன.

நோட்டில் அந்த இடத்தில் ஒரு கோடு இருந்தது. இம்முறை யாரும் எடுத்துக்கொடுக்க வேண்டியிருக்கவில்லை.